அந்தரத்தில் நிறுத்தும் கலை



இருபதாம் நூற்றாண்டு பிறந்து ஓரிரண்டு ஆண்டுகளே ஆகியிருந்த காலத்தில், பாரிஸ் மாநகரின் மேடையொன்றிலே ஒரு குறுநாடகம் நடைபெற்றது. ஆந்திரே டி லோர்ட் என்பவர் சார்ள் பொலே என்பவருடன் சேர்ந்து ஆக்கிய அந்நாடகத்திற்குத் 'தொலைபேசியில்' என்று பெயர். ஒரு குடும்பத் தலைவன் தன் மனைவியையும் குழந்தையையும் தனித்த நாட்டுப்புற வீடொன்றில் விட்டுவிட்டு வெளியூர் சென்றிருக்கிறான். இரவிலே மனைவி தொலைபேசியில் அழைக்கிறாள். வீட்டைச் சுற்றி யாரோ நடமாடும் ஓசை கேட்கிறது என்கிறாள். அவன் தைரியம் சொல்லுகிறான். ஓசை நெருங்குகிறது, கதவு உடைகிறது, மனைவியின் அலறலும் குழந்தையின் அலறலும் கம்பி வழியே அவன் செவியில் வந்து விழுகின்றன. அவ்வளவுதான். மேடையிலே சபையோர் கண்டது தொலைபேசியைக் காதில் வைத்தபடி நின்ற ஒரு மனிதனை மட்டுமே. கொலையை ஒருவரும் காணவில்லை. எனினும் கண்டவர்களைக் காட்டிலும் அதிகமாக நடுங்கினார்கள்.

குரலை மட்டும் கேட்டு மனத்தினால் காட்சியை அமைத்துக்கொள்ளும் பழக்கமுடைய வானொலி நேயர்களுக்கு இதன் வலிமையை நான் விரித்துரைக்க வேண்டுவதில்லை.

திரைப்படத்தில் திகிலூட்டும் கலையின் வரலாற்றை எழுதப் புகுவோர் இந்த நாடகத்திலிருந்து தொடங்குவது பொருத்தம் என்பது என் கருத்து. ஏனெனில், 1908 ஆம் ஆண்டில் பிரான்சு நாட்டின் பாத்தே நிறுவனத்தார் வெளியிட்ட ஒரு குறும்படத்தில் இதே நிலைமை வருகிறது. வைத்தியர் ஒருவர் பொய்ச் செய்தியினால் தொலைவிலுள்ள மாளிகைக்கு அழைக்கப்படுகிறார். அவர் சென்றதும் திருடர் வீட்டிலே புகுகின்றனர். மனைவி தொலைபேசியில் கணவனை அழைக்கிறாள். மறு ஆண்டிலேயே அமெரிக்க இயக்குநர் டி. டபிள்யூ. கிறிபித் 'தனித்த மாளிகை' என்னும் படத்தில் அக்கதையை மீண்டும் எடுத்தார். ஆனால் நாடகத்திற்கும் இப்படங்களுக்கும் ஒரு பெரும் வேற்றுமை உண்டு. நாடகத்துக் கணவன் நின்ற இடத்திலேயே நிற்கிறான். படத்துக் கணவனோ ஓடுகிறான், வண்டி தேடுகிறான், விரைகிறான், கடைசிக் கணத்தில் வந்து சேருகிறான். ஓரிடத்தில் நின்று வேறோரிடத்தைக் காட்டவியலாத மேடையின் குறையைத் திரை தீர்த்து வைத்தது. கதவை இடிக்கும் திருடன் ஒரு கணம், அஞ்சி ஒடுங்கும் பெண்கள் ஒரு கணம், வீதியிலே விரையும் கணவன் ஒரு கணம் என மாறி மாறிக் காட்டும் வெட்டுமுறை பிறந்தது. பத்துப் பன்னிரண்டு நிமிடங்களே ஓடும் கிறிபித்தின் அச்சிறு படம் ஐம்பதுக்கு மேற்பட்ட துண்டுகளால் ஒட்டப்பட்டது. அக்காலத்திற்கு இது மிகுதி.

இம்முறையின் சூட்சுமம் விரைவில் இல்லை, தாமதத்தில் இருக்கிறது. கதவை இடிக்கும் திருடனை விட்டு வீதியில் ஓடும் கணவனைக் காட்டும்போது, நாம் காணாத அந்த நேரத்தில் கதவு உடைந்திருக்குமோ என்ற ஐயம் எழுகிறது. மீண்டும் கதவைக் காட்டினால், கணவன் எங்கே நிற்கிறானோ என்ற ஏக்கம் எழுகிறது. எதைக் காட்டினாலும் காட்டாத மற்றதே மனத்தை வருத்துகிறது. உண்மையில் ஒரு நிமிடத்தில் நொறுங்கிவிடக்கூடிய கதவு, திரையில் ஐந்து நிமிடம் தாக்குப் பிடிக்கிறது. அதைக் குறையென்று ஒருவரும் சொல்லுவதில்லை.

இவ்வுணர்ச்சிக்கு ஆங்கிலேயர் வழங்கும் சொல், தொங்கவிடுதல் என்னும் பொருளுடைய இலத்தீன் வினையடியிலிருந்து வந்தது. யாழ்ப்பாணத்திலே ஒருவர் அமைதியின்றித் தவிக்கும்போது 'அந்தரப்படுகிறார்' என்கிறோம். அந்தரம் என்பது மண்ணுமில்லாத விண்ணுமில்லாத இடைவெளி. இரண்டு மொழியினரும் ஒருவரையொருவர் அறியாமலே ஒரே உவமையைப் பிடித்திருக்கின்றனர். ஆகவே இப்பேச்சில் இவ்வுணர்ச்சியை அந்தரம் என்றே குறிப்பிடுவேன். எதிர்பாராதது நேரும்போது எழும் திகைப்பு வேறு. நேரப்போவதை அறிந்து காத்திருக்கும் அந்தரம் வேறு. நம் கூத்துக் களரியிலே அபிமன்னன் சக்கர வியூகத்துள் நுழையும்போது, அவன் வெளியேறும் வழி அறியாதவன் என்பதைச் சபையிலுள்ள சிறுபிள்ளையும் அறியும். அறிந்திருந்தும் பதறுகிறோம் என்பது தவறு, அறிந்திருப்பதனாலேயே பதறுகிறோம்.

கிறிபித் 1911 இல் எடுத்த 'லோன்டேல் தந்திப் பணியாளர்' என்ற படத்தில் துண்டுகள் ஏறத்தாழ நூறாகப் பெருகின. தனித்து நிற்கும் தந்தி நிலையப் பெண் திருகு கருவியொன்றைத் துப்பாக்கிபோலப் பிடித்து இருளிலே திருடரை நிறுத்தி வைக்கிறாள். ஆயினும், அக்காலப் படங்களுள் இன்று பார்ப்பவரையும் வியக்க வைப்பது வேறொன்று. 1913 இல் லோயிஸ் வேபர் என்னும் பெண்மணி தம் கணவர் பிலிப்ஸ் ஸ்மோலியுடன் சேர்ந்து இயக்கிய அந்தப் பத்து நிமிடப் படத்தின் பெயரே 'அந்தரம்' என்பதற்குரிய ஆங்கிலச் சொல்தான். கதை பழையது: தனித்த வீடு, கைக்குழந்தையுடன் தாய், நாடோடித் திருடன், தொலைபேசி. தாயாக நடித்தவரும் வேபரே.

பழைய கதையை அவர் எடுத்த விதமே புதிது. மனைவியும் கணவனும் தொலைபேசியில் பேச, திருடன் வீட்டினுள் புகும் கட்டத்தில், திரையை முக்கோணங்களாகப் பிரித்து மூவரையும் ஒரே நேரத்தில் காட்டினார். மாறி மாறி வெட்டும் வேலையை இங்கே நம் கண்களே செய்கின்றன. மேல்மாடிச் சாளரத்திலிருந்து தாய் குனிந்து பார்க்கும்போது, கீழே நிற்பவன் முகத்தை நிமிர்த்தி நேரே நம்மைப் பார்க்கிறான். கணவன் பிறனொருவனுடைய மோட்டார் வண்டியைப் பறித்துக்கொண்டு விரைகிறான். அதற்காகப் பொலிசார் அவனையே துரத்துகின்றனர். துரத்துவோரை அவனுடைய வண்டியின் பக்கக் கண்ணாடியிலே காண்கிறோம். காப்பாற்றப் போகிறவனே குற்றவாளியாகத் துரத்தப்படுகிறான் என்ற இந்த நுட்பத்தைப் பின்வந்த பலர் தம் சொந்தச் சரக்கெனக் கையாண்டனர். கிறிபித்தின் பெயர் ஒவ்வொரு நூலிலும் இடம்பெற, வேபரின் பெயர் நெடுங்காலம் அடிக்குறிப்புகளிலேயே கிடந்தது. அவர் 1939 இல் மறைந்தார். அமெரிக்கக் காங்கிரஸ் நூலகத்தின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் இப்படம் சேர்க்கப்பட்டதோ 2020 ஆம் ஆண்டில். கடைசிக் கணத்தில் வந்து சேரும் கணவனைப் போலக்கூட அல்ல. அதற்கும் வெகுவாகப் பிந்தித்தான் இந்த நியாயம் வந்து சேர்ந்தது.

ஊமைப்பட யுகம் முடிந்து ஒலி வந்தபோது, இக்கலை அழியும் என்று பலர் அஞ்சினர். அது பொய்யென்று காட்டியவர் பிரிற்ஸ் லாங். 1931 இல் பேர்லினில் அவர் எடுத்த 'எம்' என்னும் படம் குழந்தைகளைக் கொல்லும் ஒருவனைப் பற்றியது. ஒரு சிறுமி பந்தைத் தட்டிக்கொண்டு வருகிறாள். கொலைகாரனைப் பற்றிய அறிவித்தல் ஒட்டிய தூணில் பந்து படுகிறது; அதன்மேல் ஒரு மனிதனின் நிழல் விழுகிறது. அவன் அவளுக்குப் பலூன் வாங்கிக் கொடுத்தபடி சீட்டியடிக்கிறான். பின்னர் நாம் காண்பவை இவைதாம்: தாய் மகளின் பெயரைக் கூவுகிறாள், வெறிதான படிக்கட்டு, மேசையிலே சாப்பிடாத தட்டு, புல்லில் உருண்டு வந்து நிற்கும் பந்து, கம்பியிலே சிக்கிப் பின் காற்றோடு போகும் பலூன். குழந்தைக்கு நேர்ந்தது எதுவும் காட்டப்படவில்லை. காட்டியிருந்தால் அருவருப்பு உண்டாகியிருக்கும். தட்டைக் காட்டியதனால் நெஞ்சு உடைகிறது. அவன் அடிக்கும் சீட்டி கிறீக் என்னும் நோர்வே நாட்டு இசைஞரின் மெட்டு. அதன் பிறகு அந்த மெட்டுக் கேட்கும்போதெல்லாம், ஆளைக் காணாமலே கொடுமை அண்மையில் நிற்பதை அறிகிறோம். இறுதியில் அவனை இனங்காண்பவன் பலூன் விற்கும் ஒரு குருடன். அவனும் நம்மைப் போலவே அந்தச் சீட்டியைக் கேட்டுத்தான் அறிந்தான்.

இனி, இக்கலையோடு பிரிக்க முடியாதபடி பெயர் பிணைந்துவிட்ட அல்பிரெட் ஹிச்கொக்கிடம் வருவோம். 1899 இல் இலண்டன் புறத்தேயுள்ள லேய்ற்றன்ஸ்டோனில் பிறந்தவர். ஊமைப்படங்களுக்கு எழுத்து அட்டை வரையும் வேலையில் தொடங்கி, 1924 இல் ஜேர்மனியின் படப்பிடிப்பு நிலையங்களில் வேலை பார்த்து, மூர்ணோ படமெடுப்பதை அருகிருந்து கண்டவர். 1927 இல் வெளியான அவருடைய 'வாடகைக்காரன்' ஊமைப்படம். மேல்மாடி அறையில் தங்கியிருப்பவன் கொலைகாரனோ என்று கீழே இருப்பவர்கள் ஐயுறுகின்றனர். அவன் இரவில் உலாவும் காலடியோசையைக் கேட்கச் செய்ய வழியில்லை. ஹிச்கொக் தடித்த கண்ணாடியினால் தளம் அமைத்து, அதன்மேல் நடப்பவனைக் கீழிருந்து படம்பிடித்தார். ஆடும் விளக்கும், அதற்கு மேலே நடக்கும் பாதங்களும் கண்ணாலே கேட்கும் ஓசையாயின. இரண்டு ஆண்டு கழித்து ஒலி கைக்கு வந்தபோது அவர் செய்ததும் குறிப்பிடத்தக்கது. 'மிரட்டல்' என்ற படத்தில், தன்னைப் பலவந்தப்படுத்த வந்தவனை ரொட்டி வெட்டும் கத்தியினால் கொன்றுவிட்ட பெண், மறுநாட் காலை உணவு மேசையில் அமர்ந்திருக்கிறாள். அயல்வீட்டுக்காரி அந்தக் கொலையைப் பற்றி ஓயாது வம்பளக்கிறாள். அவள் பேச்செல்லாம் தெளிவின்றி மங்கிப்போக, 'கத்தி' என்ற சொல் மட்டும் மீண்டும் மீண்டும் கூராக வந்து குத்துகிறது. கேட்பது காது அன்று, குற்றமுள்ள நெஞ்சு என்பதை அன்று திரையினர் கற்றுக்கொண்டனர்.

ஆனால் ஹிச்கொக் தாமே கற்ற பாடமொன்று உண்டு. அதற்கு அவர் கொடுத்த விலை 1936 இல் வெளியான 'நாசவேலை' என்னும் படம். ஜோசப் கொன்றாட் 1907 இல் எழுதிய நாவலைத் தழுவியது. சதிகாரனொருவன் தன் மனைவியின் தம்பியான சிறுவனிடம், படச்சுருள்களோடு ஒரு பொதியையும் கொடுத்து, ஒன்றே முக்கால் மணிக்குமுன் குறித்த இடத்தில் சேர்த்துவிடும்படி அனுப்புகிறான். பொதியில் வெடிகுண்டு இருக்கிறது. அது சிறுவனுக்குத் தெரியாது, நமக்குத் தெரியும். தெருவிலே பற்பசை விற்கும் வணிகன் அவனைப் பிடித்து நிறுத்திப் பல் விளக்கிக் காட்டுகிறான். நகரபிதாவின் ஊர்வலம் வழியை மறிக்கிறது. சிறுவன் வாய்பிளந்து வேடிக்கை பார்க்கிறான். கடிகாரங்கள் காட்டப்படுகின்றன. பஸ் வண்டியில் ஏறப் போனால், எளிதில் தீப்பற்றும் படச்சுருளை ஏற்றக்கூடாதென்று நடத்துநர் தடுத்து, பின் சிரித்துக்கொண்டே இடமளிக்கிறார். ஏற்ற மாட்டேன் என்று அவர் பிடிவாதமாக நிற்கக் கூடாதா என்று நாம் ஏங்குகிறோம். உள்ளே பக்கத்தில் இருக்கும் மூதாட்டியின் நாய்க்குட்டியோடு சிறுவன் விளையாடுகிறான். நேரம் வருகிறது. தாண்டுகிறது. வண்டி வெடிக்கிறது.

நாவலாசிரியர் அந்தச் சாவை நேரே காட்டவில்லை. முடிந்த பின்னரே வாசகர் அறிகின்றனர். ஹிச்கொக் அதனை நிமிடம் நிமிடமாக நீட்டினார். நீட்டிய வித்தையில் குறைசொல்ல ஒன்றுமில்லை. எனினும் சபையோர் சினந்தனர், விமரிசகர் கண்டித்தனர். பின்னாளில் ஹிச்கொக்கும் அது பெரும் பிழையென ஒப்புக்கொண்டார். ஏன் பிழை? அந்தரத்தில் தொங்கவிடுபவன் பார்வையாளனோடு எழுதாத ஒப்பந்தமொன்றைச் செய்துகொள்ளுகிறான். 'உன் அச்சத்தை என்னிடம் கொடு. நான் அதை விடுவித்துத் தருவேன்' என்பதே அது. அந்தச் சிறுவனுக்காக நாம் அத்தனை நேரம் மூச்சைப் பிடித்திருந்தோம். நம் கையில் எஞ்சியது சாம்பல். இதற்கு மாறாகவும் சிலர் வாதிப்பர். போரும் குண்டும் உண்மையில் எந்தச் சிறுவனையும் பார்த்து விலகுவதில்லை. ஆகவே அப்படமே மெய்ம்மையானது என்பர். குண்டு வெடித்த நாடுகளில் வாழ்ந்தவர்களுக்கு அவ்வாதம் எளிதில் தள்ளக்கூடியதன்று. ஆயினும் அந்த மெய்ம்மைக்காகவே அக்காட்சி எடுக்கப்பட்டது என்று சொல்ல என்னால் முடியவில்லை. நாய்க்குட்டியைப் பக்கத்தில் வைத்தது மெய்ம்மைக்காக அன்று.

1962 ஆம் ஆண்டில் பிரெஞ்சு இயக்குநர் பிரான்சுவா துரூபோ ஹொலிவூட் சென்று ஹிச்கொக்கோடு பல நாள் உரையாடினார். 1966 இல் நூலாக வந்த அவ்வுரையாடலில் ஹிச்கொக் தரும் விளக்கம் புகழ்பெற்றது. மேசையருகே இருவர் சாதாரணமாகப் பேசிக்கொண்டிருக்கின்றனர். திடீரென்று மேசைக்கடியில் குண்டு வெடிக்கிறது. சபையோருக்குக் கிடைப்பது பதினைந்து விநாடித் திகைப்பு. அதே குண்டை வைப்பதை முன்னரே காட்டி, ஒரு மணிக்கு வெடிக்குமென்று அறிவித்து, சுவர்க் கடிகாரத்தில் முக்கால் மணியைக் காட்டினால், அதே வெறும் பேச்சு பதினைந்து நிமிட அந்தரமாகிறது. பேசுவோரை எச்சரிக்கச் சபையே துடிக்கிறது. ஆகையால் கூடியவரை சபைக்குச் செய்தியைச் சொல்லிவிட வேண்டும் என்பது அவர் கட்சி. மர்மக் கதைகளில் அவருக்கு அவ்வளவாக ஆர்வம் இல்லாததும் இதனாலேதான். கொன்றவன் யார் என்னும் கேள்வி அறிவுக்குரியது. அது நெஞ்சைப் பிடிப்பதில்லை என்றார்.

இதை நான் முழுமையாக ஏற்கவில்லை. 1954 இல் வீணை எஸ். பாலசந்தர் இயக்கத்தில் ஏ. வி. எம். நிறுவனத்தார் வெளியிட்ட 'அந்த நாள்' படத்தைப் பார்த்தவர்களும் ஏற்கமாட்டார்கள். சென்னைமேல் ஜப்பானியர் குண்டு வீசிய 1943 ஆம் ஆண்டை நிலைக்களமாகக் கொண்ட அப்படத்தில், வானொலிப் பொறியியலாளன் ஒருவன் தொடக்கத்திலேயே சுடப்பட்டு விழுகிறான். சுட்டவர் யார் என்பதை ஒவ்வொருவர் வாய்மொழியாகத் தேடுவதே கதை. பாட்டுமில்லை, ஆட்டமுமில்லை. பாடல் வந்து பதற்றத்தைத் தணிக்காத தமிழ்ப்படத்தைச் சபையோர் அன்றுதான் கண்டனர். கேள்வி அறிவுக்குரியதாயினும், அடுத்தடுத்து ஐயத்திற்கு உள்ளாவோர் பெரும்பாலும் ஒரே குடும்பத்தினராயிருக்கும்போது நெஞ்சும் பிடிபடவே செய்கிறது.

ஹிச்கொக்கின் கோட்பாடு மிக அழகாகச் செயற்படும் இடம் 1946 இல் வந்த 'நொட்டோரியஸ்' என்னும் படத்தின் விருந்துக் காட்சி. கதாநாயகி, பகைவனாகிய தன் கணவனின் மதுக்கிடங்குத் திறப்பைத் திருடி உள்ளங்கையில் மறைத்திருக்கிறாள். மண்டபத்தின் உயரத்திலிருந்து முழு விருந்தையும் காட்டும் படக்கருவி, மெல்ல மெல்ல இறங்கி, அந்தக் கைக்குள் இருக்கும் திறப்பிலே வந்து நிற்கிறது. ஆனால் அதனினும் நுட்பமானது சம்பேன் போத்தல்களின் கணக்கு. அவளும் ஒற்றனும் கிடங்கிலே தேடும் வேளையில், மேலே விருந்தினர் குடிக்கக் குடிக்கப் போத்தல்கள் குறைகின்றன. தீர்ந்துவிட்டால் கணவன் கிடங்குக்கு வருவான். வந்தால் திறப்பைக் காணாது ஐயுறுவான். குண்டுமில்லை, கடிகாரமுமில்லை. விருந்தினரின் தாகமே கடிகாரம்.

பிரான்சிலே ஹிச்கொக்குக்கு நிகராகச் சொல்லத்தக்கவர் ஆன்றி-ஜோர்ஜ் குளூசோ. 1953 இல் கான் விழாவிலும் பேர்லின் விழாவிலும் முதற்பரிசு பெற்ற அவருடைய 'அச்சத்தின் கூலி' படத்தில், தென்னமெரிக்கச் சிற்றூரொன்றில் வேலையின்றி வாடும் நால்வர், எரியும் எண்ணெய்க் கிணற்றை அணைப்பதற்காக இரண்டு லொறிகளில் நைத்திரோகிளிசரின் ஏற்றிச் செல்லுகின்றனர். குலுங்கினால் வெடிக்கும். ஏறத்தாழ ஒரு மணி நேரம் வரையில் லொறிகள் புறப்படுவதேயில்லை. வெயிலும் ஈயும் கடனும் சலிப்புமாகவே செல்லுகிறது. பொறுமையிழந்து எழுந்து போகிறவர் இழப்பது பெரிது. பணமின்றி அவ்வூரைவிட்டு வெளியேற வழியில்லை என்பது நம் எலும்பிலே ஏறிய பின்னரே லொறி நகருகிறது. இந்த நால்வரும் ஏன் இந்த வேலைக்கு உடன்பட்டனர் என்று அதற்குப்பின் எவரும் கேட்பதில்லை. உளுத்த மரத்தட்டின்மேல் லொறியைப் பின்செலுத்தித் திருப்பும் காட்சியைப் பற்றிப் பலரும் பேசுவர். எனக்கு மறவாதது வேறு. பின்னால் வரும் லொறியிலே ஒருவன் சிகரெட்டுச் சுற்றுகிறான். தாளிலிருந்த புகையிலைத் தூள் திடீரெனப் பறந்து போகிறது. ஒரு வெளிச்சம். முன்சென்ற லொறியும் அதிலிருந்த இருவரும் இல்லை. அத்தனை நேரம் நம்மைக் காத்திருக்கச் செய்தவர், அந்தச் சாவை மட்டும் ஒரு முன்னறிவித்தலுமின்றித் தந்தார்.

ஹிச்கொக்கும் குளூசோவும் எதிரெதிர்த் திசையில் நடந்த இடமும் உண்டு. புவலோ, நார்செஜாக் என்னும் பிரெஞ்சு எழுத்தாளர் இருவரின் ஒரு நாவலை 1955 இல் குளூசோவும், இன்னொன்றை 1958 இல் ஹிச்கொக்கும் படமாக்கினர். குளூசோ இரகசியத்தை இறுதிவரை பூட்டி வைத்து, முடிவை வெளியே சொல்லி நண்பர்களைக் கெடுக்காதீர் என்று திரையிலேயே எழுதிக் காட்டினார். ஹிச்கொக்கோ, 'வேட்டிகோ' படத்தில், நாவல் கடைசிப் பக்கங்கள் வரை மறைத்த உண்மையைப் படம் முடிவதற்கு நெடுநேரம் முன்னரே நமக்குச் சொல்லிவிட்டார். அதன்பின் அங்கே மர்மமேயில்லை; உண்மையறியாத ஒருவன் தன் கையாலேயே தன் துயரத்தை மீளக் கட்டியெழுப்புவதைப் பார்த்துக்கொண்டிருக்கும் வேதனை மட்டும் உண்டு. முதலாவதை ஒருமுறை பார்த்தால் போதும். இரண்டாவதை நான் பலமுறை பார்த்திருக்கிறேன், அந்தரம் குறையவில்லை.

முடிவாக, 1960 இல் வெளிவந்த 'சைக்கோ'. படம் தொடங்கிய பின் எவரையும் உள்ளே விடவேண்டாமென்று ஹிச்கொக் படமாளிகைகளுக்கு விதித்தது எல்லாரும் அறிந்த கதை. குளியலறைக் கொலையையும் அதற்குப் பேர்ணார்ட் ஹேர்மன் அமைத்த வயலின் கீச்சொலியையும் பற்றி நூல்களே எழுதப்பட்டுள்ளன. அக்காட்சிக்கு இசையே வேண்டாமென்று முதலில் சொன்னவரும் ஹிச்கொக்தான். ஹேர்மன் எழுதியதைக் கேட்டு மனம் மாறினார். ஆயின் அக்கொலை திகைப்பு வகையைச் சேர்ந்தது. அந்தரம் அதற்குச் சில நிமிடங்களுக்குப் பிறகே வருகிறது.

விடுதியை நடத்தும் இளைஞன் நோர்மன், கொலையுண்ட பெண்ணின் உடலைத் துணியிலே சுற்றி, அறையைக் கழுவித் துடைத்து, உடலை அவளுடைய மோட்டார் வண்டியில் இட்டு, அருகிலுள்ள சதுப்புக் குட்டையிலே தள்ளுகிறான். அந்தத் துடைப்பும் துவைப்பும் நிதானமாக, பேச்சின்றிக் காட்டப்படுகின்றன. அதுவரை அந்தப் பெண்ணோடு வழிநடந்து வந்த நாம், இப்போது வேறு துணையின்றி இவனோடு நிற்கிறோம். வண்டி மெல்ல அமிழ்கிறது. அவன் எதையோ கொறித்தபடி பார்த்து நிற்கிறான். பாதிக்கு மேல் தாழ்ந்த வண்டி, சட்டென்று நின்றுவிடுகிறது. அவன் வாய் அசைவதை நிறுத்துகிறது. தலையைத் திருப்பிச் சுற்றுமுற்றும் பார்க்கிறான். அந்தக் கணத்தில் படமாளிகையிலே இருப்போர் அனைவரும், பெண்ணின் உடல் அதனுள் இருக்கிறதென்பதை நன்கறிந்தும், 'ஐயோ, வண்டி தாழ்ந்துவிடக் கூடாதா' என்று அவனுக்காக மூச்சைப் பிடிக்கின்றனர். பிறகு ஒரு களகளவென்ற ஓசையுடன் சேறு மீண்டும் விழுங்கத் தொடங்குகிறது.